ஆந்தைக்குள் இருக்கும் ஆதன்

(கோவையில் நிகழ்த்திய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



இன்று மாலை ஒரே ஒரு பெயரைப் பற்றித்தான் பேசப்போகிறேன். ஆண்பிள்ளைக்கு இடும் பெயர். எழுதினால் மூன்றே எழுத்து: ஆதன். 2019இல் தமிழகத் தொல்லியல் துறை கீழடி அறிக்கையை வெளியிட்டபோது, பானை ஓட்டில் கீறப்பட்ட அந்தப் பெயரின் படம் எல்லார் கைப்பேசிக்கும் வந்து சேர்ந்தது. ‘குவிரன் ஆதன்’ என்று இரண்டு பெயர்களைச் சேர்த்து எழுதிய ஓடும் அங்கே கிடைத்திருக்கிறது. அன்றிலிருந்து, பிள்ளைக்குப் பெயர் தேடுகிற இளம் பெற்றோர் இந்தப் பெயரைப் பற்றி என்னிடம் கேட்டுக்கொண்டே இருக்கிறார்கள். கேள்வி இரண்டுதான். “இதுக்கு என்னங்க அர்த்தம்?” என்பது முதல் கேள்வி. “இது மதுரைப் பக்கத்துப் பேராச்சுங்களே, நமக்கு ஒட்டுமா?” என்பது இரண்டாவது.

இரண்டாவதை முதலில் எடுத்துக்கொள்கிறேன். ஆதன் நமக்கு வெளியூர்ப் பெயர் இல்லை. கொங்கு நாட்டில் அது இரண்டாயிரம் ஆண்டுகளாக இருக்கிறது. இன்னும் சொல்லப்போனால், இந்த அரங்கில் உட்கார்ந்திருப்பவர்களில் சிலர் அந்தப் பெயரைத் தங்கள் குலப்பெயரில் சுமந்துகொண்டுதான் வந்திருக்கிறீர்கள். அது எப்படி என்பதற்குப் பிறகு வருகிறேன்.

நொய்யலின் வடகரையில், சென்னிமலைக்கு மேற்கே கொடுமணல் இருக்கிறது. 1985 முதல் தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகத்தார் அங்கே பல பருவங்கள் தோண்டினார்கள். எ.சுப்பராயலுவும் கா.ராஜனும் முன்னின்று செய்த வேலை அது. இரும்பு உருக்கிய உலைகள், மணி அறுத்த பட்டறைகள், அறுத்தது பாதி அறுக்காதது பாதியாகக் கிடந்த சூதுபவளம், பச்சைக்கல், பளிங்கு எல்லாம் வெளியே வந்தன. அவற்றோடு எழுத்துப் பொறித்த பானை ஓடுகளும் நூற்றுக்கணக்கில் கிடைத்தன. அந்த ஓடுகளில் பெரும்பாலும் இருப்பது ஆட்பெயர்கள்தான். கண்ணன் ஆதன், பண்ணன், சம்பன், சுமணன், அந்தவன் ஆதன். ராஜா பெயரோ மந்திரி பெயரோ தேடினால் கிடைக்காது. பானையை வாங்கியவர், அது தன்னுடையது என்று தெரிவதற்காகத் தன் பெயரைக் கீறி வைத்திருக்கிறார்.

அந்த ஓட்டைக் கொஞ்சம் கிட்டே வைத்துப் பாருங்கள். உள்ளே கறுப்பும் வெளியே சிவப்புமான மண்கலம். சூளையில் வெந்து வந்த பிறகு, கூரான ஏதோ ஒரு முனையால் தோள்பட்டையில் கீறியிருக்கிறார்கள். அதனால் கோடுகள் வழவழப்பாக இருக்காது, ஓரம் பொரிந்திருக்கும். பழந்தமிழ் பிராமி எழுத்து. இந்த ஓடுகள் பலவற்றில் மெய்யெழுத்துக்குப் புள்ளி கிடையாது. கடைசியில் நிற்கும் னகரத்தை ‘ன்’ என்று படிக்க வேண்டும் என்பது மொழி தெரிந்தவருக்குத்தான் விளங்கும். ஆனால் அந்த னகரமே பெரிய சாட்சி. அசோகர் கல்வெட்டு எழுத்தில் இல்லாத, தமிழுக்கென்றே உண்டாக்கிக்கொண்ட எழுத்து அது. சாணை பிடித்தவரோ, கொல்லரோ, வணிகரோ, நொய்யல் கரையில் ஒருவர் தன் பெயரைத் தானே எழுதத் தெரிந்தவராக இருந்திருக்கிறார். அந்தப் பெயர் ஆதன்.

இப்போது ஏட்டுப் பக்கம் திரும்புவோம். பதிற்றுப்பத்தில் ஏழாம் பத்தைக் கபிலர் பாடினார். பாட்டுடைத் தலைவன் செல்வக் கடுங்கோ வாழியாதன். அந்தப் பத்தில் அறுபத்தேழாம் பாட்டில் கபிலர் கொடுமணம் என்ற ஊரைச் சொல்கிறார். அந்தக் கொடுமணந்தான் இன்றைய கொடுமணல் என்பது அறிஞர்கள் ஏற்ற முடிவு. அதாவது ஆதன் என்ற பெயருடைய சேரனைப் புகழும் பாட்டில் எந்த ஊர் வருகிறதோ, அதே ஊரின் மண்ணுக்குள்ளிருந்து ஆதன் என்ற பெயர் எழுதிய ஓடுகளும் வந்திருக்கின்றன. அரியணையில் ஓர் ஆதன், பட்டறையில் ஓர் ஆதன். அரசனுக்கும் கைவினைஞனுக்கும் ஒரே பெயர் இருந்த சமூகம் அது. கொங்கு வரலாற்றில் என் மனம் அதிகம் தங்கும் இடங்களில் இதுவும் ஒன்று.

மூன்றாவது சாட்சி கல்லில் இருக்கிறது. கரூர் மாவட்டத்தில் புகழூருக்குப் பக்கத்தில் வேலாயுதம்பாளையம். அங்குள்ள ஆறுநாட்டார் மலையில், சமணத் துறவியர் படுத்து இளைப்பாறக் கற்படுக்கைகள் வெட்டியிருக்கிறார்கள். அங்கே உள்ள கல்வெட்டைச் சேர அரசர் வரிசையோடு பொருத்திப் படித்துக் காட்டியவர் ஐராவதம் மகாதேவன். கோ ஆதன் செல்லிரும்பொறை, அவர் மகன் பெருங்கடுங்கோன், அவர் மகன் இளங்கடுங்கோ என்று மூன்று தலைமுறை அதில் இருக்கிறது. பேரன் இளவரசனாகப் பட்டம் ஏற்றபோது யாற்றூர்ச் செங்காயபன் என்ற மூத்த துறவிக்கு வெட்டிக் கொடுத்த இடம் அது. இந்த ஆதனும் கபிலர் பாடிய வாழியாதனும் ஒருவரே என்று கருதும் அறிஞர் பலர்.

அந்தக் கல்வெட்டில் இன்னொன்றையும் கவனியுங்கள். அப்பனுக்கும் மகனுக்கும் ஒரே பெயர். கடுங்கோ. பிரித்துச் சொல்ல முன்னால் ‘பெரு’, ‘இள’ என்று ஒட்டுப் போட்டிருக்கிறார்கள். நம் ஊர்களில் பெரியசாமி, சின்னச்சாமி என்று வைக்கிறோமே, பெரியண்ணன், சின்னண்ணன் என்று வைக்கிறோமே, அதே பழக்கம். கரூர் வட்டாரத்துக் கல்லில் அது ஏறத்தாழ ஆயிரத்து எண்ணூறு ஆண்டுகளுக்கு முன்பே பதிவாகியிருக்கிறது.

சங்க இலக்கியத்தில் ஆதன்களைத் தேடப்போனால் பட்டியல் நீளும். இமயவரம்பன் நெடுஞ்சேரலாதன், ஆடுகோட்பாட்டுச் சேரலாதன், உதியஞ்சேரலாதன், பெருஞ்சேரலாதன் என்று சேரர் வரிசையே ஆதன் வரிசைதான். கொல்லிமலையை ஆண்ட வல்வில் ஓரிக்கு ஆதன் ஓரி என்று பெயர். ஆடி மாதத்தில் கொல்லிமலையில் அவனுக்கு விழா எடுக்கிறோம். முன்னால் இருக்கும் ஆதனை யாரும் சொல்வதில்லை. ஐங்குறுநூற்றின் முதல் பத்துப் பாட்டும் ஆதனையும் அவினியையும் வாழ்த்தித்தான் தொடங்குகின்றன. ஒரு நூலின் வாசலிலேயே அந்தப் பெயர் நிற்கிறது. திரிகடுகம் பாடியவர் நல்லாதனார். நந்தனார் பிறந்த ஊர் ஆதனூர். தமிழ்நாட்டில் ஆதனூர் என்ற ஊர்கள் இன்னும் பல இருக்கின்றன.

இவ்வளவு பரவியிருந்த பெயர் எங்கே போயிற்று? நம் தாத்தாக்கள் தலைமுறையில் பழனிச்சாமி உண்டு, நாச்சிமுத்து உண்டு, மாரப்பன் உண்டு, சென்னியப்பன் உண்டு, செங்கோட்டையன் உண்டு. ஆதன் இல்லை. மலைமேல் இருக்கும் சாமி பெயரும் ஊர் எல்லையில் இருக்கும் அம்மன் பெயரும் வந்து பழைய பெயர்களின் இடத்தைப் பிடித்துக்கொண்டன. சைவமும் வைணவமும் ஊன்றிய பிறகு தெய்வத்தின் பெயரைப் பிள்ளைக்கு இடுவது வழக்கமாயிற்று. அதற்கு முன்பு முன்னோர் பெயரை இட்டார்கள். இதில் எனக்குப் புகார் ஒன்றுமில்லை. பெயர் மாறத்தான் செய்யும்.

ஆனால் ஆதன் அழியவில்லை. ஒளிந்துகொண்டது.

கல்யாணப் பேச்சு எடுக்கும்போது முதலில் என்ன கேட்பார்கள்? “நீங்க என்ன கூட்டமுங்க?” “ஆந்தைக் கூட்டமுங்க.” “அட, நாங்களும் ஆந்தைங்க. பங்காளி ஆயிட்டோம்.” அத்தோடு அந்தப் பேச்சு முடிந்துவிடும். ஒரே கூட்டத்துக்குள் பெண் கொடுப்பதில்லை, எடுப்பதில்லை. கொங்கு வேளாளரின் கூட்டப் பெயர்களை உங்களில் பலர் என்னைவிட நன்றாக அறிவீர்கள். ஆந்தை, பூந்தை, சாத்தந்தை, கண்ணந்தை, பொருளந்தை, அந்துவன், கீரன், செம்பன், தூரன், காடை, பனங்காடை என்று வரிசை போகிறது. கொங்கின் பிற சமூகங்களிலும் இப்படிக் குலப்பெயர்கள் உண்டு. ஆந்தை என்றால் என்ன என்று கேட்டால் பெரும்பாலோர் இரவில் அலறும் பறவையைக் காட்டுகிறார்கள். அதற்கு ஒரு காரணமும் உண்டு. காடைக் கூட்டத்தார் காடையைக் கொல்ல மாட்டார்கள், தின்ன மாட்டார்கள் என்பது ஊரறிந்த செய்தி. காடை பறவையானால் ஆந்தையும் பறவைதானே என்று மனம் தானாகக் கணக்குப் போட்டுவிடுகிறது.

அந்தக் கணக்கு தவறு என்பது என் முடிவு. காரணம் தொல்காப்பியத்தில் இருக்கிறது. எழுத்ததிகாரத்தில், னகர ஈற்றுப் பெயர்கள் மற்றச் சொல்லோடு எப்படிப் புணரும் என்று சொல்லிவரும் இடத்தில், ஒருவரின் இயற்பெயருக்குப் பின்னால் ‘தந்தை’ என்ற முறைப்பெயர் வந்தால் என்ன ஆகும் என்று தொல்காப்பியர் விதி வகுக்கிறார். சாத்தன் என்பதோடு தந்தை சேர்ந்தால் சாத்தந்தை. கொற்றனோடு சேர்ந்தால் கொற்றந்தை. அடுத்த சூத்திரத்தில் இரண்டு பெயர்களைத் தனியே எடுத்துப் பெயர் சொல்லியே விதிவிலக்குத் தருகிறார். அவை ஆதனும் பூதனும். இவை இன்னும் குறுகும். ஆதனோடு தந்தை சேர்ந்தால் ஆந்தை. பூதனோடு தந்தை சேர்ந்தால் பூந்தை. உரையாசிரியர்கள் காட்டும் எடுத்துக்காட்டுகளே இவை.

சாத்தந்தை, ஆந்தை, பூந்தை. தொல்காப்பிய உரையில் வரும் இந்த மூன்று எடுத்துக்காட்டும் நம் மூன்று கூட்டங்களின் பெயராக இன்றும் உயிரோடு இருக்கின்றன. கண்ணந்தையையும் சேர்த்துக்கொண்டால் நான்கு. வகுப்பில் இந்தப் புணர்ச்சி விதியைப் படிக்கும் மாணவர்கள், இதெல்லாம் என்றோ செத்துப்போன வழக்கு என்று நினைத்து மனப்பாடம் செய்து கடக்கிறார்கள். ஈரோடு, காங்கேயம், தாராபுரம் பக்கத்து மாணவனாக இருந்தால், அது தன் வீட்டுக் கல்யாணப் பத்திரிகையிலும் குலக்கோயில் சுவரிலும் இருப்பதைத் தெரிந்துகொள்ள வேண்டாமா?

சங்கப் புலவர்களிலும் ஆந்தைகள் இருக்கிறார்கள். கோப்பெருஞ்சோழனைப் பார்க்காமலே நட்புக் கொண்ட பிசிராந்தையாரைத் தெரியாதவர் இல்லை. பிசிர் என்ற ஊரில் இருந்த ஆந்தை. ஐங்குறுநூற்றில் பாலை நூறும் பாடியவர் ஓதலாந்தையார். ஆதனை வாழ்த்தித் தொடங்கும் நூலில் நூறு பாட்டை ஓர் ஆந்தை பாடியிருக்கிறார். சாத்தந்தையார் புறநானூற்றில் நான்கு பாட்டுப் பாடியிருக்கிறார். ஒல்லையூர் தந்த பூதப்பாண்டியன் தன் நண்பர்களை வரிசைப்படுத்தும் ஒரு புறப்பாட்டில் எயில் ஆந்தையும் இருக்கிறார், ஆதன் அழிசியும் இருக்கிறார், அந்துவஞ்சாத்தனும் இருக்கிறார். வாழியாதனின் தகப்பன் பெயர் அந்துவன் சேரல் இரும்பொறை. அந்துவன் என்ற கூட்டம் இன்றும் நம்மிடம் இருக்கிறது.

ஆசைக்காக எல்லாவற்றையும் இதில் இழுத்துப் போடக்கூடாது. முழுக்காதன் என்ற கூட்டப் பெயரிலும் கடைசியில் ‘ஆதன்’ கேட்கிறது. அது காது என்ற சொல்லிலிருந்து வந்தது என்றே எனக்குப் படுகிறது. அதை ஆதன் கணக்கில் சேர்க்க மாட்டேன். காடையையும் பனங்காடையையும் ஆட்பெயராக்கவும் மாட்டேன். அவை பறவைகளே. பெயராய்வில் ஒலி ஒத்துப்போனால் போதும் என்று நினைப்பதுதான் பெரிய ஆபத்து. ஆந்தைக்கு இலக்கண விதி இருக்கிறது, புலவர் பெயர்கள் இருக்கின்றன, பூந்தை, சாத்தந்தை என்று அதே அச்சில் வார்த்த உறவுப் பெயர்கள் பக்கத்திலேயே இருக்கின்றன. அதனால்தான் துணிந்து சொல்கிறேன்.

சரி, ஆந்தை என்றால் ஆதனுக்கு அப்பனா, ஆதனை அப்பனாகக் கொண்டவனா? அறிஞர்கள் இரண்டு விதமாகவும் சொல்லியிருக்கிறார்கள். என் கருத்தை வைக்கிறேன். பாட்டன் பெயரைப் பேரனுக்கு இடுவது தமிழர் வழக்கம். பெயரைத் தாங்குகிறவன் என்பதால்தான் பெயரன், பேரன் என்றே சொல்கிறோம். கொங்கில் மூத்த மகனுக்கு அப்பாரு, அதாவது அப்பாவின் அப்பா பெயர். அப்பாரு பெயர் ஆதன் என்றால் மூத்த பேரனும் ஆதன். நடுவில் இருப்பவன் யார்? ஓர் ஆதனுக்கு மகன், இன்னோர் ஆதனுக்கு அப்பன். இரண்டு விளக்கமும் ஒரே ஆள்மேல் போய் உட்காருகின்றன. அந்த நடு ஆள்தான் ஆந்தை. பெயர் தன்மீது நிற்காமல், தனக்கு மேலும் கீழும் நிற்கும்படி வாழ்ந்தவன்.

இந்த வழக்கத்தின் மறுபக்கத்தையும் நம் வீட்டுப் பெண்கள் அறிவார்கள். மாமனார் பெயரை மருமகள் வாயால் சொல்லக்கூடாது. பிள்ளைக்கு வைத்திருப்பதோ அதே பெயர். பெற்ற மகனைப் பெயர் சொல்லிக் கூப்பிட வழியில்லை. அதனால் “சாமி”, “கண்ணு”, “தங்கம்”, “பெரியவனே” என்றே கூப்பிட்டு வளர்த்தார்கள். கொங்கு அம்மாக்களின் வாயில் இவ்வளவு கண்ணும் தங்கமும் புழங்குவதற்கு இதுவும் ஒரு காரணம் என்று நான் நினைக்கிறேன். சான்றிதழில் ஒரு பெயர், வீட்டில் ஒரு பெயர் என்று பிள்ளைகள் இரட்டைப் பெயரோடு வளர்ந்தது அந்த மரியாதையால்.

பாட்டன் பெயர் பேரனுக்கு என்பது நமக்கு மட்டும் உரியதில்லை. வெகுதூரத்தில், பனி நாட்டில், நார்வே, டென்மார்க், ஐஸ்லாந்து மக்களின் பழைய மொழியிலும் இதே எண்ணம் ஒரு பெயராகவே இருக்கிறது. ஓலாஃப் என்ற பெயரைக் கேள்விப்பட்டிருப்பீர்கள். பிள்ளைகளின் பனிப்பொம்மைப் படத்தில்கூட வருகிறது. நார்வேயில் ஓலாவ் என்பார்கள். மிகப் பழைய வடிவத்தில் அது இரண்டு சொற்கள் சேர்ந்தது. முதற்சொல்லுக்கு முன்னோன், பாட்டன் என்று பொருள். இரண்டாவதற்கு எஞ்சியவன், வழித்தோன்றல் என்று பொருள். முன்னோர் விட்டுச் சென்ற மிச்சம் இவன். நம் பேரன் என்ற சொல்லை அவர்கள் ஆட்பெயராகவே வைத்திருக்கிறார்கள் என்று படித்தபோது எனக்கு உடம்பு சிலிர்த்தது.

அவர்களும் பெயரைக் கீறி வைத்தவர்கள். இஸ்தான்புல் நகரத்து ஹாகியா சோபியாவின் மாடத்தில், பளிங்குக் கைப்பிடிச் சுவரில், ரூனிக் எழுத்தில் ஹால்ஃப்டான் என்ற பெயர் கீறப்பட்டிருக்கிறது. பாதி டேனியன் என்று அதற்குப் பொருள். வடக்கிலிருந்து கூலிப்படை வீரனாக வந்தவன் பைசாந்தியப் பேரரசின் பெரிய கோயிலில் நின்று தன் பெயரை எழுதிவிட்டுப் போயிருக்கிறான். நம் ஆட்களும் தூரம் போனவர்கள்தான். எகிப்தில் செங்கடல் கரையில் குசைர் அல்-கதீம் என்ற பழந்துறைமுகத்தில் கண்ணன், சாதன் (சாத்தன்) என்ற பெயர்கள் தமிழ் பிராமியில் கிடைத்தன. ஓமானின் கோர் ரோரியில் கிடைத்த ஓட்டில் கீரன் என்ற பெயர் இருக்கிறது. கீரனும் கண்ணனும் சாத்தனும் நம் கூட்டப் பெயர்களுக்குள் இருக்கும் பெயர்கள் என்பதை மறுபடியும் நினைவுபடுத்துகிறேன்.

நார்வேக்காரர்கள் இன்னொன்றும் செய்தார்கள். 1905இல் சுவீடனோடு இருந்த இணைப்பை முறித்துக்கொண்டு தனி நாடானபோது, டென்மார்க் இளவரசர் கார்லைத் தங்கள் அரசராகத் தேர்ந்தெடுத்தார்கள். அவர் கார்ல் என்ற பெயரை விட்டு, பழைய நார்வே அரசர்களின் பெயரை எடுத்து ஏழாம் ஹாக்கோன் ஆனார். இரண்டு வயது மகன் அலெக்சாண்டர், ஓலாவ் ஆனான். ஐந்நூறு ஆண்டுகளுக்கு மேல் அரியணையில் இல்லாத பெயர்கள் மறுபடி வந்து ஏறின. அந்தச் சிறுவன் 1957 முதல் 1991 வரை ஐந்தாம் ஓலாவாக ஆண்டார். பழைய பெயரை மீட்பது வெறும் மோகம் என்று சொல்பவர்களுக்கு இதை நான் எடுத்துக்காட்டுவேன். ஒரு மக்கள் கூட்டம் தன் நீண்ட நினைவோடு தன்னை மறுபடி முடிச்சுப் போட்டுக்கொள்ளும் வழி அது.

நம் பக்கமும் ஒரு முன்னோடி உண்டு. மொடக்குறிச்சிக்குப் பக்கத்தில் மஞ்சக்காட்டுவலசில் 1908இல் பிறந்த பெரியசாமி, தன் கூட்டப் பெயரைத் தன் பெயரோடு சேர்த்து எழுதினார். பெரியசாமித் தூரன். தமிழின் முதல் கலைக்களஞ்சியத்தைப் பத்துத் தொகுதிகளாக, 1954 முதல் 1968 வரை பதிப்பித்து முடித்தவர். இன்று கச்சேரி மேடைகளில் தூரன் பாட்டு என்றால் தமிழ்நாடு முழுக்கத் தெரியும். ஒரு கூட்டத்துக்குள் அடங்கிக் கிடந்த பெயரைப் பாட்டாலும் படிப்பாலும் எல்லாருக்கும் பொதுவாக்கினார். குலப்பெயரால் பெருமை தேடுவது வேறு, குலப்பெயருக்குள் இருக்கும் மொழியை ஊருக்குக் கொடுப்பது வேறு. தூரன் செய்தது இரண்டாவது. ஆதன் என்ற பெயரும் யாருடைய தனிச்சொத்தும் இல்லை. பானையில் பேர் எழுதியவர் எந்தக் கூட்டம் என்று ஓடு சொல்லவில்லை.

இனி முதல் கேள்வி. பொருள் என்ன?

பெற்றோரை மிரள வைப்பது இதுதான். பிற்கால அகராதிகளைப் புரட்டினால் ஆதன் என்பதற்கு அறிவில்லாதவன், குருடன் என்று போட்டிருக்கிறது. உயிர் என்றும், அருகன் என்றும் போட்டிருக்கிறது. முதல் இரண்டைப் பார்த்ததுமே பலர் புத்தகத்தை மூடிவிடுகிறார்கள். பொறுமையாகப் பார்க்க வேண்டிய இடம் இது. தன் மகனுக்கு முட்டாள் என்று எந்தச் சேரனும் பெயர் வைத்திருக்க மாட்டான். மூன்று நான்கு தலைமுறை அரசர்கள் அந்தப் பெயரை விரும்பி ஏற்றிருக்கிறார்கள். நூலைத் தொடங்கும்போதே வாழ்த்தப்பட்ட பெயர் அது. ஆகவே இழிவுப் பொருள் பின்னால் வந்து ஒட்டியது.

எப்போது ஒட்டியது? தேவாரக் காலத்தில் ‘ஆதர்’ என்ற சொல் சமணரையும் பௌத்தரையும் அறிவற்றவர் என்று பழிக்கப் பயன்பட்டது. இன்னொரு பக்கம் ஆதன் என்றால் அருகன் என்று அகராதி சொல்கிறது. இரண்டையும் சேர்த்து வைத்துப் பார்க்கிறேன். ஆதன் பெயருடைய சேரர் குடி சமணத் துறவிக்குக் கல்லில் படுக்கை வெட்டிக் கொடுத்ததைப் புகழூரில் பார்த்தோம். கொங்கில் சமணம் ஆழ வேரூன்றியிருந்தது. விசயமங்கலத்தில் சமணக் கோயில் இன்றும் நிற்கிறது. நன்னூல் தந்த பவணந்தி சமண முனிவர். சமயப் பூசல் சூடேறிய காலத்தில், ஒரு தரப்பு மதித்த சொல்லை மறுதரப்பு வசைச் சொல்லாக்கியிருக்கலாம் என்பது என் ஊகம். ஊகம் என்றே சொல்கிறேன். ஆனால் இப்படி நடப்பது மொழியில் புதிதில்லை. நாற்றம் என்றால் ஒருகாலத்தில் நறுமணம். இன்று மூக்கைப் பொத்துகிறோம்.

ஆ என்றால் பசு, ஆதன் என்றால் மாடு உடையவன், கொங்கர் மாடு வளர்த்தவர்கள்தானே என்று சிலர் விளக்குவார்கள். கொங்கருக்கும் ஆநிரைக்கும் உள்ள உறவு சங்கப்பாட்டிலேயே இருக்கிறது, உண்மைதான். காங்கேயம் காளை அதற்கு இன்றும் சாட்சி. ஆனாலும் இந்த விளக்கத்தை நான் ஏற்கவில்லை. மதுரைப் பக்கத்திலும் அந்தப் பெயர் இருக்கிறது, பாண்டியனின் நண்பனுக்கும் இருக்கிறது. ஒரு தொழிலோடு அதைக் கட்டிப்போடச் சான்று போதாது. வடமொழி ஆன்மாவிலிருந்து வந்ததால்தான் உயிர் என்று பொருள் என்பவர்களும் உண்டு. சங்கப்பாட்டில் ஆதன் ஆட்பெயராக மட்டுமே வழங்குகிறது; உயிர் என்ற பொருளில் ஓரிடத்திலும் நான் காணவில்லை.

அப்படியானால் வருகிற பெற்றோருக்கு நான் என்ன பொருள் சொல்கிறேன்? கண்ணன், சாத்தன், கீரன், ஆதன் போன்ற மிகப் பழைய பெயர்களுக்குப் பொருள் என்பது அவற்றைச் சுமந்தவர்கள்தான். கபிலர் பாடிய வள்ளல் ஒருவர், கொடுமணலில் எழுதத் தெரிந்த ஒருவர், பாண்டியன் நண்பனென்று நினைத்து உருகிய ஒருவர். தேவநேயம், கனிவு, வெற்றி என்று ஒற்றைச் சொல்லில் பொருள் வேண்டும் என்றால் அதற்கு ஆயிரம் பெயர்கள் இருக்கின்றன. இப்படிப்பட்ட ஆட்கள் பின்னால் நிற்கும் பெயர்கள் அதிகம் இல்லை.

அதே காரணத்துக்காக, பூதனை மீட்க முடியாமல் போனதே என்று எனக்கு வருத்தம் உண்டு. ஆதனுக்கு இரட்டைப் பிறவி போலத் தொல்காப்பியத்தில் நிற்கும் பெயர். முல்லைப்பாட்டு எழுதியவர் நப்பூதனார். பூதப்பாண்டியன் ஓர் அரசன். இன்று பிள்ளையைப் பூதன் என்று கூப்பிட்டால் பள்ளிக்கூடத்தில் மற்றப் பிள்ளைகள் விட மாட்டார்கள். பூந்தைக் கூட்டத்துக்குள்ளேயே அது இருந்து கொள்ளட்டும்.

ஆதனுக்கு அந்தத் தடை இல்லை. சொல்ல எளிது, தாத்தா வாயிலும் நுழையும், குழந்தை வாயிலும் நுழையும். ஆகவே, வைக்கலாமா என்று கேட்பவர்களுக்கு என் பதில்: தாராளமாக வையுங்கள். அப்பாரு பெயரையும் விட்டுவிட வேண்டாம். கண்ணன் ஆதன் என்று கொடுமணலில் எழுதியது போல இரண்டையும் சேர்த்தே வைக்கலாம். வைத்த அன்றே உங்களுக்கும் ஒரு புதுப்பெயர் வந்து சேர்ந்துவிடும். மகன் ஆதன் என்றால், தொல்காப்பியர் விதிப்படி நீங்கள் ஆந்தை.